குருவானவரை விசாரிப்பது யார்?

இங்கிலாந்துத் திருச்சபையின் முப்பத்தொன்பது கோட்பாடுகள் 1571இல் இறுதி வடிவம் பெற்றன. அவற்றில் இருபத்தாறாவது, நடத்தை கெட்ட குருவைப் பற்றியது. குருவின் தீய வாழ்க்கை அவர் கையால் தரப்படும் ஞானஸ்நானத்தையும் நற்கருணையையும் கெடுத்துவிடாது என்பது அதன் முதல் பகுதி. அப்படிப்பட்டவரின் குற்றத்தை அறிந்தவர்கள் முறையிட வேண்டும், சபை விசாரிக்க வேண்டும், குற்றம் உறுதியானால் பதவியைப் பறிக்க வேண்டும் என்பது இரண்டாம் பகுதி. முதல் பகுதி ஒவ்வொரு ஞாயிறும் நடைமுறையில் இருந்து வருகிறது. இரண்டாம் பகுதி பெரும்பாலும் ஏட்டிலேயே தங்கிவிட்டது. குருக்களின் நடத்தை நெறிகள் குறித்து இன்று பல நாடுகளில் நடக்கும் விவாதத்தை அந்த இரண்டாம் பகுதிக்கு உயிர் கொடுக்கும் முயற்சியாகவே நான் பார்க்கிறேன். விதிகளுக்குத் திருச்சபையில் ஒருநாளும் பஞ்சம் இருந்ததில்லை. விசாரிக்கும் அதிகாரம் யார் கையில் இருந்தது என்பதில்தான் எல்லாம் சரிந்தது.

முதல் பகுதியின் வேர் நான்காம் நூற்றாண்டு வட ஆப்பிரிக்காவில் இருக்கிறது. 303இல் பேரரசர் டயோக்ளீஷியன் தொடங்கிய துன்புறுத்தலில் சில குருக்கள் உயிருக்கு அஞ்சி வேதப் புத்தகங்களை அதிகாரிகளிடம் ஒப்படைத்தார்கள். துரோகம் செய்த கையால் திருநிலைப்படுத்தப்பட்டவர் ஆயராக முடியுமா என்று கேட்டுக் கார்த்தேஜ் சபை பிளந்தது. முடியாது என்றவர்கள் டொனாடிஸ்டுகள். அவர்களுக்கு எதிராக வாதாடிய அகுஸ்தீன், அருட்சாதனம் கிறிஸ்துவுடையது, அதைக் கொடுக்கும் மனிதருடைய தகுதியில் அது தொங்கி நிற்பதில்லை என்றார். 411இல் கார்த்தேஜில் நடந்த பெரும் விவாதக் கூட்டத்தில் டொனாடிஸ்டுகள் தோற்றார்கள். அந்த முடிவு சரியானது என்றே நினைக்கிறேன். தன் பிள்ளைக்கு ஞானஸ்நானம் கொடுத்தவர் மறைவில் என்ன செய்தார் என்று ஒரு தாய் ஆயுள் முழுக்கக் கலங்கிக்கொண்டிருக்க முடியாது. ஆனால் விசுவாசியைக் காப்பாற்ற வந்த அந்தப் போதனை காலப்போக்கில் குருவைக் காப்பாற்றும் அரணாக மாறியது. பதவி புனிதமானது, ஆள் பலவீனமானவர் என்று பிரித்துச் சொல்லப் பழகிய சபை, ஆளைத் தொட்டால் பதவிக்கு இழுக்கு என்று அஞ்சத் தொடங்கியது.

தொடக்கத்தில் அந்த அச்சம் இல்லை. ஆதிச் சபையின் கையேடான திதகே, ஊர் ஊராக வரும் போதகரைச் சோதிக்க எளிய அளவுகோல்களைத் தருகிறது. ஒரு நாள் தங்கலாம், தேவையானால் இரண்டு நாள். மூன்றாம் நாளும் தங்கினால் அவர் போலி. புறப்படும்போது அடுத்த ஊர்வரைக்கும் ரொட்டி வாங்கிக்கொள்ளலாம். காசு கேட்டால் அவர் போலி. இங்கே சோதிப்பவர்கள் சாதாரண சபை மக்கள் என்பதைக் கவனிக்க வேண்டும். தீமோத்தேயுவுக்கு எழுதப்பட்ட முதல் நிருபம் கண்காணியின் தகுதிகளை அடுக்கும்போது, பண ஆசையும் சண்டைக் குணமும் கூடாது என்பதோடு, சபைக்கு வெளியே இருப்பவர்களிடமும் அவருக்கு நற்பெயர் வேண்டும் என்கிறது. 325இல் கூடிய நிசேயா சங்கம் இயற்றிய இருபது விதிகளில் பல குருக்களின் அன்றாட ஒழுங்கைப் பற்றியவை. தாய், சகோதரி, அத்தை போன்ற ஐயத்துக்கு இடமில்லாத உறவினர் தவிர வேறு பெண்ணை வீட்டில் வைத்துக்கொள்ளக் கூடாது. ஒரு நகரத்துச் சபையை விட்டு இன்னொரு நகரத்துக்குத் தாவக் கூடாது. வட்டிக்குக் கொடுத்தால் பதவி போய்விடும். 451இல் கல்கெதோன் சங்கம் காசு வாங்கிக்கொண்டு குருப்பட்டம் கொடுப்பதைத் தண்டித்தது. பாலுறவு, பதவி ஆசை, பணம் என்று இன்று எந்த நடத்தை நெறியைப் புரட்டினாலும் தென்படும் மூன்று தலைப்புகளும் ஐந்தாம் நூற்றாண்டுக்குள் எழுதப்பட்டுவிட்டன.

பிறகு வந்தது தனி நீதிமன்றம். குற்றம் செய்த குருவை அரசன் விசாரிக்கலாமா, ஆயர்தான் விசாரிக்க வேண்டுமா என்ற சண்டை இங்கிலாந்தில் இரண்டாம் ஹென்றிக்கும் காண்டர்பரிப் பேராயர் தாமஸ் பெக்கெட்டுக்கும் இடையே மூண்டது. 1170இல் பெக்கெட் தன் பேராலயத்திலேயே வெட்டிக் கொல்லப்பட்டார். அவர் இரத்தசாட்சியாகப் போற்றப்பட்டார், குருக்களுக்கான தனிச் சலுகையும் நிலைபெற்றது. இங்கிலாந்தில் அதன் கடைசி எச்சம் 1827இல்தான் சட்டப்படி ஒழிந்தது. அரசனின் கொடுமையிலிருந்து சபையைக் காக்கப் பெக்கெட் நின்றார் என்பதை மறுக்க முடியாது. ஆனாலும் குருவைக் குருக்களே விசாரிப்பார்கள் என்ற பழக்கம் அந்தச் சலுகை மறைந்த பிறகும் சபையின் எலும்பில் தங்கிவிட்டது.

அதன் விலை என்ன என்பதை 2002 ஜனவரியில் பாஸ்டன் குளோப் நாளேடு வெளிக்கொண்டுவந்தது. பிள்ளைகளைச் சீரழித்த குருக்களைப் பாஸ்டன் உயர்மறைமாவட்டம் தெரிந்தே பங்கு பங்காக மாற்றிக்கொண்டிருந்தது. அமெரிக்க ஆயர்களே கேட்டு, ஜான் ஜே கல்லூரி நடத்திய ஆய்வு 2004இல் வெளியானது. 1950 முதல் 2002 வரை 4,392 குருக்கள்மீது குற்றச்சாட்டு. முறையிட்டவர்கள் 10,667 பேர். குற்றம் சாட்டப்பட்டவர்கள் அந்தக் காலத்தில் பணியாற்றிய குருக்களில் ஏறத்தாழ 4 விழுக்காடு. பிரான்சில் ழான்-மார்க் சொவே தலைமையிலான ஆணையம் 2021இல், 1950க்குப் பின் குருக்களாலும் துறவியராலும் பாதிக்கப்பட்ட சிறார் 2,16,000 பேர் இருக்கலாம் என மதிப்பிட்டது. இவ்வளவும் விதி இல்லாத வெற்றிடத்தில் நடக்கவில்லை. 1917ஆம் ஆண்டின் கத்தோலிக்கச் சபைச் சட்டமே சிறாரிடம் தவறாக நடக்கும் குருவுக்குத் தண்டனை வகுத்திருந்தது. அதைப் பயன்படுத்த வேண்டிய ஆயர் தன் மறைமாவட்டத்தின் பெயரைக் காக்கும் பொறுப்பையும் தானே சுமந்திருந்தார். இரண்டு பொறுப்புகளும் மோதியபோது பெயர் வென்றது.

2002 ஜூனில் அமெரிக்க ஆயர்கள் டல்லஸ் நகரில் கூடிப் புதிய சாசனம் எழுதினார்கள். ஒரே ஒரு குற்றம் உறுதியானாலும் அந்தக் குரு பணிக்குத் திரும்ப முடியாது என்ற கண்டிப்பு அதில் இருந்தது. குருக்களையும் திருத்தொண்டர்களையும் அது கட்டுப்படுத்தியது, ஆயர்களைக் கட்டுப்படுத்தவில்லை. பாஸ்டனின் கர்தினால் பெர்னார்ட் லா அந்த ஆண்டு டிசம்பரில் பதவி விலகினார். 2004இல் உரோமையின் புகழ்பெற்ற மரியா மஜ்ஜோரே பேராலயத்தின் தலைமைக் குருவாக நியமிக்கப்பட்டார். பாதிக்கப்பட்டவர்களுக்கு அந்த நியமனம் எப்படி வலித்திருக்கும் என்பதை யாரும் விளக்கத் தேவையில்லை. ஆயரையே விசாரிக்கும் முறையைத் திருத்தந்தை பிரான்சிஸ் 2019 மே மாதம்தான் சட்டமாக்கினார். கர்தினால் பதவியை எட்டிய தியோடர் மெக்காரிக் அதே ஆண்டு பிப்ரவரியில் குருத்துவ நிலையிலிருந்தே நீக்கப்பட்டிருந்தார். புதிய சட்டப்படி ஒவ்வொரு மறைமாவட்டமும் புகார் பெறும் வழியை மக்களுக்குத் தெரியும்படி அமைக்க வேண்டும். குற்றத்தை அறிந்த குருவும் துறவியும் சபை அதிகாரிகளுக்குத் தெரிவித்தே ஆகவேண்டும். மூடி மறைப்பதும் குற்றம். 2023இல் இது நிரந்தரமானது. பெரிய முன்னேற்றம்தான். ஆனால் ஆயர்மீது வரும் புகாரைப் பொதுவாக விசாரிப்பவர் அந்தத் திருச்சபை மாகாணத்தின் பேராயர். வட்டம் பெரிதாகியிருக்கிறது, வட்டத்துக்கு உள்ளேயிருப்பவர்தான் இன்னும் விசாரிக்கிறார்.

நெறிகளை எழுதுவதில் மிகுந்த கவனம் காட்டியது இங்கிலாந்துத் திருச்சபை. காண்டர்பரி, யார்க் மாகாணங்களின் குருமார் மன்றங்கள் 2003இல் வெளியிட்டு 2015இல் திருத்திய வழிகாட்டி, திருநிலைப்படுத்தல் வழிபாட்டில் குரு ஏற்கும் பொறுப்புகளையே தலைப்புகளாக்கி, அவற்றின்கீழ் நடைமுறையைச் சொல்கிறது. உள்ளத்தைத் திறந்து பேச வருபவரை எங்கே, எந்த நேரத்தில் சந்திப்பது. தனக்குத் தெரியாத துறையில் ஆலோசனை சொல்லாமல் தகுந்தவரிடம் அனுப்புவது. காணிக்கைப் பணத்தையும் சொந்தப் பணத்தையும் கலக்காமல் வைத்துக்கொள்வது எல்லாம் அதில் உண்டு. பணி ஓய்வு பெற்றவரோ மாற்றலானவரோ பழைய சபைக்குத் திரும்பிப்போய், புதியவர் அழைக்காமல் திருமணமும் அடக்க ஆராதனையும் நடத்தக் கூடாது என்பதும் உண்டு. நம் ஊர்ச் சேகரங்களில் எத்தனை மனத்தாங்கல்கள் இந்த ஒரு விஷயத்தால் முளைக்கின்றன என்பது அனுபவித்தவர்களுக்குத் தெரியும்.

அந்த வழிகாட்டியோடு பிரான்சிஸ் பிரிட்ஜர் எழுதிய இறையியல் சிந்தனை ஒன்றும் சேர்க்கப்பட்டது. குருத்துவம் அழைப்பா, தொழிலா என்ற பழைய தகராறுக்கு அவர் தரும் விடை எனக்கு ஏற்புடையது. ஒப்பந்தம் எழுதிய அளவோடு கடமையை முடித்துக்கொள்கிறது. உடன்படிக்கை அதற்கு மேலும் கேட்கிறது. குருவுக்கும் மக்களுக்கும் இடையே இருப்பது உடன்படிக்கை என்றால், மருத்துவரிடமும் வழக்கறிஞரிடமும் எதிர்பார்க்கும் ஒழுங்கு அங்கே தொடக்கப்புள்ளியாகத்தான் இருக்க முடியும். நான் கடவுளால் அழைக்கப்பட்டவன், மனிதர் எழுதிய நெறிகள் எனக்கு எதற்கு என்று கேட்பவர் அழைப்பின் கனத்தைக் குறைத்துக்கொள்கிறார்.

வயது வந்தவர்களோடான உறவில் இது கூர்மையாகத் தெரியும். கணவனை இழந்த துயரத்தில் ஒரு பெண் குருவிடம் வருகிறாள். அவர் ஆறுதல் சொல்கிறார், ஜெபிக்கிறார், அவளுடைய இரகசியங்கள் எல்லாம் அவருக்குத் தெரிகின்றன. அங்கிருந்து உடலுறவுக்குப் போனால் இருவரும் விரும்பி நடந்தது என்று சபைகள் நெடுங்காலம் சொல்லிவந்தன. குருவுக்குப் பாவம், அவளுக்கும் பாவம், இருவரும் மனந்திரும்பட்டும் என்று கோப்பு மூடப்பட்டது. அதிகாரம் ஒருவர் கையில் குவிந்திருக்கும்போது இன்னொருவரின் சம்மதத்துக்கு என்ன மதிப்பு என்ற கேள்வி பிந்தித்தான் எழுந்தது. ஆலோசனை பெற வந்தவரோடு உறவு கொள்ளும் குருவை, மின்னசோட்டா, டெக்சஸ் உள்ளிட்ட பல அமெரிக்க மாநிலங்கள் குற்றவாளியாகவே கருதுகின்றன. அங்கே சம்மதம் ஒரு வாதமாக ஏற்கப்படுவதில்லை.

பாவசங்கீர்த்தன இரகசியம் இதைவிடக் கடினமான முடிச்சு. 1215இல் நான்காம் லாத்தரன் சங்கம், பாவ அறிக்கையில் கேட்டதை வெளியிடும் குருவைப் பதவி நீக்கி, ஆயுள் முழுக்கத் தவம் செய்யக் கடுந்துறவு மடத்தில் அடைக்கச் சொன்னது. இன்றைய கத்தோலிக்கச் சட்டத்திலும் அதை நேரடியாக மீறும் குரு உடனடியாகச் சபை விலக்குக்கு ஆளாகிறார். ஆஸ்திரேலிய அரச ஆணையம் 2017 டிசம்பரில், சிறார்மீதான குற்றத்தைத் தெரிவிக்கும் கடமையிலிருந்து பாவசங்கீர்த்தனத்துக்கு விலக்குக் கூடாது என்று பரிந்துரைத்தது; விக்டோரியா, குயின்ஸ்லாந்து போன்ற மாநிலங்கள் அப்படியே சட்டம் இயற்றின. இந்தியாவில் போக்சோ சட்டத்தின் 19ஆம் பிரிவு, குற்றத்தை அறிந்த எவரும் தெரிவிக்க வேண்டும் என்கிறது. குருவுக்கென்று அதில் விலக்கு எழுதப்படவில்லை. 2018இல் கேரளத்தின் மலங்கரை ஆர்த்தடாக்ஸ் சபையைச் சேர்ந்த குருக்கள் சிலர்மீது, ஒரு பெண்ணின் பாவ அறிக்கையை வைத்தே மிரட்டினார்கள் என்ற புகார் எழுந்தபோது, தேசிய மகளிர் ஆணையத்தின் தலைவர் பாவ அறிக்கை முறையையே ஒழிக்கப் பரிந்துரைத்தார். அது மிகையான பரிந்துரை என்று நினைக்கிறேன். வேறு எங்கும் வாய் திறக்க முடியாத எத்தனையோ பேருக்கு அந்தச் சிறு கூண்டுதான் கடைசிப் புகலிடம். ஆனால் இரகசியத்தின் பெயரால் சபைகள் காத்து வந்தவற்றில் பெரும்பகுதி பாவசங்கீர்த்தனத்தில் கேட்டதே அல்ல. அலுவலகத்துக்கு வந்த கடிதங்கள், ஆயரிடம் நேரில் அழுத பெற்றோர், சக குருக்களின் எச்சரிக்கைகள். இவற்றுக்கு எந்த இறையியல் முத்திரையும் கிடையாது. விவாதத்தை எப்போதும் பாவசங்கீர்த்தனக் கூண்டுக்கே இழுத்துச் செல்பவர்கள், கோப்பு அலமாரியைத் திறக்காமல் தப்பித்துக்கொள்கிறார்கள்.

இங்கிலாந்தின் கோப்பு அலமாரி திறந்தபோது என்ன கிடைத்தது? குளோஸ்டர் ஆயர் பீட்டர் பால் 1993இல் காவல்துறையின் எச்சரிக்கை பெற்றுப் பதவி விலகினார். பிறகும் வழிபாடு நடத்த அவருக்கு அனுமதி கிடைத்தது. 2015இல்தான் சிறை சென்றார். அவரைப் பற்றி வந்திருந்த கடிதங்களைக் காண்டர்பரிப் பேராயரின் அலுவலகம் காவல்துறைக்குக் கொடுக்காமல் வைத்திருந்ததை 2017இல் வெளியான விசாரணை அறிக்கை காட்டியது. அரசின் சுயேச்சை விசாரணைக் குழு 2020இல் சொன்ன கணக்குப்படி, 1940கள் முதல் 2018 வரை அந்தச் சபையின் குருக்களும் நம்பிக்கைப் பொறுப்பில் இருந்தவர்களுமாக 390 பேர் சிறார்மீதான பாலியல் குற்றங்களுக்காகத் தண்டிக்கப்பட்டிருக்கிறார்கள். இன்னொரு பெயர் ஜான் ஸ்மித். அவர் குரு அல்ல, வழக்கறிஞர். கிறிஸ்தவ முகாம்களுக்கு வந்த பையன்களைத் தன் வீட்டுக் கொட்டகையில் இரத்தம் வரப் பிரம்பால் அடித்தார். 1982இலேயே மார்க் ரஸ்டன் என்ற குரு இதைப் பற்றி அறிக்கை எழுதினார். படித்தவர்கள் காவல்துறைக்குப் போகவில்லை. ஸ்மித் ஜிம்பாப்வேக்குப் போய் அங்கும் பையன்களை அடித்தார். பாதிக்கப்பட்டவர்கள் நூற்றுக்கும் மேல். 2018இல் தண்டனை பெறாமலே செத்தார். 2013இல் விவரம் தெரிந்தும் போதிய நடவடிக்கை எடுக்கவில்லை என்று 2024 நவம்பரில் வெளியான மேக்கின் அறிக்கை குறை கூறியதால், பேராயர் ஜஸ்டின் வெல்பி பதவி விலகலை அறிவித்தார். குருவின் கை மட்டுமல்ல, குருவின் மௌனமும் நடத்தை நெறிக்குள் வரும் என்பதை இந்த ஒரு வழக்கு போலக் காட்டியது வேறில்லை.

குற்றம் சாட்டப்பட்டவருக்கும் நீதி வேண்டும். 1958இல் இறந்த சிச்செஸ்டர் ஆயர் ஜார்ஜ் பெல், ஹிட்லர் காலத்தில் ஜெர்மானியச் சபைப் போராளிகளுக்குத் துணை நின்றவர். அவர்மீதான ஒரு குற்றச்சாட்டைச் சபை 2015இல் பகிரங்கமாக ஏற்று மன்னிப்புக் கேட்டு இழப்பீடும் கொடுத்தது. அந்த முடிவுக்கு வந்த முறை அவசரமானது, ஒருபக்கச் சார்பானது என்று கார்லைல் பிரபுவின் ஆய்வு 2017இல் கண்டித்தது. அவரது நற்பெயரின்மீது விழுந்த நிழலுக்காக வெல்பி 2021இல் வருத்தம் தெரிவித்தார். ஒருபக்கம் மூடி மறைத்ததும் மறுபக்கம் அவசரப்பட்டதும் ஒரே நிறுவனம்தான். இரண்டிலும் தன் பெயரே அதன் கவலையாக இருந்தது. சுயேச்சையான விசாரணை வேண்டும் என்று முறையிடுபவருக்காக வாதாடுகிறவர்கள், பழி சுமத்தப்பட்ட குருவுக்காகவும்தான் வாதாடுகிறார்கள்.

தமிழகத்தில் குருவின் நடத்தை பற்றிய பழைய கேள்வி சாதி. 1833இல் கல்கத்தா ஆயர் டேனியல் வில்சன், தென்னிந்தியச் சபைகளில் சாதி வேற்றுமையை உடனடியாகக் கைவிட வேண்டும் என்று சுற்றறிக்கை அனுப்பினார். தஞ்சாவூரிலும் வேப்பேரியிலும் பலர் சபையை விட்டு விலகினார்கள். 2008 மார்ச்சில் எறையூரில் தலித் கத்தோலிக்கர்கள் தனிப் பங்கு கேட்டதையொட்டி எழுந்த மோதல் துப்பாக்கிச் சூட்டில் முடிந்து இருவர் உயிரிழந்தார்கள். 2016இல் இந்தியக் கத்தோலிக்க ஆயர் பேரவை தலித் மக்களுக்கான கொள்கை அறிக்கையை வெளியிட்டு, சபைக்குள் நிலவும் பாகுபாட்டை ஒப்புக்கொண்டது. ஆனால் தேர் வராத தெருவைப் பார்த்தும் பேசாமல் இருக்கும் பங்குத்தந்தைமீதும், சாதி பார்த்து ஓட்டுச் சேர்க்கும் குருவானவர்மீதும் ஒழுங்கு நடவடிக்கை எடுத்ததாக எத்தனை பேர் கேள்விப்பட்டிருக்கிறோம்? மேற்கத்திய நெறிகளை அப்படியே பெயர்த்து வைத்தால் இந்த இடம் காலியாகவே இருக்கும். நம் நெறிகளில் சாதி முதல் பக்கத்தில் வர வேண்டும்.

சுயாதீன சபைகளின் நிலை வேறு. அங்கே பேராயரும் இல்லை, சினாடும் இல்லை. பல இடங்களில் நிறுவியவரே போதகர், குடும்பத்தாரே அறக்கட்டளை, தசமபாகக் கணக்கு ஒரே வீட்டுக்குள் முடிகிறது. தனிமனிதரின் புகழை நம்பி நிற்கும் ஊழியத்துக்கு என்ன நேரும் என்பதற்கு, சென்னையில் பிறந்து உலகப் புகழ் பெற்ற ரவி சகரியாஸின் கதை போதும். 2017இல் ஒரு பெண் முறையிட்டபோது அவரே அந்தப் பெண்மீதும் அவருடைய கணவர்மீதும் வழக்குப் போட்டார்; அது வெளியே பேசக் கூடாது என்ற உடன்பாட்டில் முடிந்தது. அவருடைய அமைப்பின் குழு அவர் பக்கம் நின்றது. 2020 மே மாதம் அவர் இறந்த பிறகு, அட்லாண்டாவில் அவர் பங்குதாரராக இருந்த மசாஜ் நிலையங்களில் வேலை செய்த பெண்கள் பேசினார்கள். வெளி வழக்கறிஞர் நிறுவனம் விசாரித்து 2021 பிப்ரவரியில் கொடுத்த அறிக்கை அவர்கள் சொன்னதை உறுதிசெய்தது. அவரைத் திருநிலைப்படுத்திய சபை இறந்த பிறகு அவரை விலக்கியது. அத்தனை ஆண்டுகளும் அவரைக் கண்காணிக்க வேண்டிய குழுவில் யார் யார் இருந்தார்கள் என்பதே நன்கொடை கொடுத்தவர்களுக்குத் தெரியாது.

வழி இல்லாமல் இல்லை. பணியிடத்தில் பெண்கள்மீதான பாலியல் துன்புறுத்தலைத் தடுக்கும் 2013ஆம் ஆண்டுச் சட்டம், பத்துப் பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் இடங்களில் உள்விசாரணைக் குழு வேண்டும், அதில் ஒருவர் வெளியிலிருந்து வந்தவராக இருக்க வேண்டும் என்கிறது. திருமண்டல அலுவலகமும் மறைமாவட்டப் பள்ளியும் மருத்துவமனையும் அந்தச் சட்டத்துக்குள் வருகின்றன. அதே ஏற்பாட்டைக் குருக்கள்மீதான எல்லாப் புகாருக்கும் விரிக்கலாம். ஓய்வுபெற்ற நீதிபதி, மனநல மருத்துவர், வேறு சபையைச் சேர்ந்த ஒரு பெண் என அமையும் குழு ஆயருக்குக் கட்டுப்பட்டதாக இருக்கக் கூடாது. ஆயர்மீதான புகாரையும் அதுவே கேட்க வேண்டும். இது எளிதில் நடக்காது என்பதும் தெரியும். வெல்பி பதவி விலகலை அறிவித்த மூன்றே மாதத்தில், 2025 பிப்ரவரியில் கூடிய இங்கிலாந்துத் திருச்சபைப் பேரவைக்குமுன், பாதுகாப்புப் பணி முழுவதையும் வெளி அமைப்பிடம் ஒப்படைக்கும் திட்டம் வைக்கப்பட்டது. அத்தனை நடந்த பிறகும், உறுப்பினர்கள் பாதி வழியில் நிற்கும் திட்டத்தையே தேர்ந்தெடுத்து, மற்றதை மேலும் ஆராயச் சொன்னார்கள்.

அதுவரைக்கும் திருமண்டலங்கள் செய்யக்கூடியது ஒன்று உண்டு. கிரேக்கமும் எபிரேயமும் படித்து இருபத்தாறு வயதில் முதல் சேகரத்துக்குப் போகும் இளைஞரிடம், வந்த அன்றே காணிக்கைப் பெட்டியின் சாவியையும் நான்கைந்து கிராமங்களையும் ஊர்ப் பகையையும் கொடுத்துவிடுகிறோம். அவருடைய கலக்கத்தைக் கேட்க மாற்றல் போடும் அதிகாரம் உள்ள பேராயரைத் தவிர வேறு ஆள் இல்லை. மனம் தளர்ந்தாலும் தடுமாறினாலும் அவரிடம் சொல்லத் துணிய மாட்டார். அவரது பதவி உயர்விலோ மாற்றலிலோ கை வைக்க முடியாத ஒரு மூத்தவர், மாதம் ஒருமுறை அவரோடு உட்கார்ந்து நடந்ததையெல்லாம் கேட்கட்டும். ஆலோசனைப் பணி செய்யும் உளவியலாளர்களுக்கு இது வழக்கமான ஏற்பாடு. முதல் மூன்று ஆண்டுகளுக்காவது அதை நியமன உத்தரவிலேயே எழுதிவிடலாம்.